கொசுறு இல்லாத கடை

சென்ற தைப்பூச விடுமுறையன்று பிற்பகலில் கிழவர் ஒருவர் கடைக்குள் நுழைந்து, அலமாரிகளை ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்து, கடைசியில் ஓர் அக்ரூட் ரொட்டியை விரும்பி, இதன் கிரயம் என்ன என்னும் பாவனையில் என் முன்னே நின்றபோது, வியாபாரக் குடும்பத்தில் பிறந்து பத்து வயதில் தராசு பிடிக்கக் கற்றவன் என்னும் கர்வம் எனக்கு இருந்தமையால், சற்றும் யோசியாமல் அதன் மதிப்புக்கு இரண்டு மடங்கு விலை சொன்னேன். கிழவர் திடுக்கிட்டார். நான் கொஞ்சம் இறங்கி வந்தேன். அவர் அப்போதும் திருப்தியடையாமல் வெறுங்கையுடன் வெளியே போய்விட்டார்.

“தாத்தா, அவரு கோவிச்சுக்கிட்டுப் போயிட்டாரு லா,” என்றாள் என் பேத்தி. “அவருகிட்ட நம்ம பேரு கெட்டுப் போச்சு.”

அந்தக் கடைக்குச் செங்கல்லும் இல்லை, பலகையும் இல்லை. அவளுடைய மடிக்கணினித் திரையில், எங்கள் சாப்பாட்டு மேஜையின்மீது, ஒரு சாண் அகலத்தில் அது நடந்துகொண்டிருந்தது. நாங்கள் குடியிருக்கும் செபராங் ஜெயா, 1970-களில் பினாங்கு வளர்ச்சிக் கழகம் கோடு கிழித்து எழுப்பிய புறநகரம். இங்கே சாலைகளுக்கு மீன்களின் பெயர்களைச் சூட்டியவர் எவரோ, அவர் கடலையும் அடுக்களையையும் ஒருசேர நேசித்த மனிதராக இருந்திருக்க வேண்டும். முரல் மீனின் பெயரில் தோடாக் சாலை, வஞ்சிரத்தின் பெயரில் தெங்கிரி வீதி என்று வீட்டு முகவரியிலேயே குழம்பு கொதிக்கும் ஊர் இது. கடைகளுக்கும் பஞ்சமில்லை. தோடாக் சாலையில் 2007-ஆம் ஆண்டு முதல் நிற்கும் சன்வே கார்னிவல் பேரங்காடி ஒன்றே, முற்காலத்துக் கடைத்தெருக்கள் நாலைந்தைத் தன் வயிற்றுக்குள் அடக்கிக்கொள்ளும். இவ்வளவும் வாசலில் இருக்க, திரைக்குள் இருக்கும் ஒரு பொம்மைக் கடையைத் தினந்தோறும் திறந்து, சரக்கு அடுக்கி, விலை சொல்லி, அந்தியில் கணக்குப் பார்த்து மூடுவதில் பதினேழு வயதுப் பெண்ணுக்கு இத்தனை ஆவல் எங்கிருந்து வந்தது என்று யோசிக்கத் தொடங்கினேன். யோசனை நீண்டு, என்னையும் அந்தக் கல்லாவில் கொண்டுபோய் உட்கார வைத்துவிட்டது.

விளையாட்டின் பெயர் ‘ரெக்கெட்டியர்’. ஜப்பானிய மொழியில் அதன் உபதலைப்பு, ‘பண்டக் கடை தொடங்கும் விதம்’ என்று பொருள்படும். ஈஸி கேம் ஸ்டேஷன் என்னும் ஒரு சிறு குழுவினர் அதைத் தம் சொந்த முயற்சியால் செய்து, 2007-ஆம் ஆண்டு டிசம்பரில், தோக்கியோ நகரத்தில் நடக்கும் காமிக்கெட் என்னும் சந்தையில் விற்பனைக்கு வைத்தார்கள். 1975-ல் தொடங்கிய அந்தச் சந்தை ஓர் அபூர்வமான ஏற்பாடு. பெரிய பதிப்பகங்களையும் நிறுவனங்களையும் நம்பாமல், படைத்தவனே ஒரு மேஜையைப் பிடித்துக்கொண்டு, தன் புத்தகத்தையும் விளையாட்டையும் தன் கையாலேயே விற்றுக் காசு வாங்குவான். நம் ஊர்ப் பாசார் மாலாம் என்னும் இரவுச் சந்தையில் வடை சுடுகிறவளே வடை விற்பதைப்போல என்று வைத்துக்கொள்ளலாம். கடை நடத்துவதைப் பற்றிய ஒரு விளையாட்டு, கடை போட்டே விற்கப்பட்டது என்பதில் எனக்கு ஒரு சந்தோஷம் உண்டு. 2010 செப்டம்பரில் கார்ப்பே ஃபுல்குர் என்னும் அமெரிக்கச் சிறு குழு அதை ஆங்கிலத்தில் பெயர்த்து, ஸ்டீம் என்னும் இணைய அங்காடியின் வழியே உலகத்துக்கு அனுப்பியது. சில மாதங்களிலேயே லட்சம் பிரதிகள் விலைபோயின. எங்கள் வீட்டில் அது ஜப்பானியக் குரலில் பேசுகிறது, ஆங்கிலத்தில் எழுத்துக் காட்டுகிறது, பேத்தியின் வாயால் தமிழாகி என் காதுக்கு வருகிறது.

கதை இதுதான். ரெக்கெட் என்னும் சிறுமியின் தகப்பன், வீரதீரச் செயல் புரியப்போகிறேன் என்று புறப்பட்டுப் போனவன் திரும்பி வரவில்லை. அவன் வைத்துவிட்டுப் போனது ஒரு வீடும் ஒரு பெருங்கடனுமே. கடனை வசூலிக்க டியர் என்னும் தேவதை, இறக்கை முளைத்த குட்டிப் பெண்ணாக வந்து சேருகிறாள். பணம் இல்லை என்று தெரிந்ததும், வீட்டின் முன்பகுதியைக் கடையாக்கிச் சம்பாதித்துக் கட்டு என்று ஏற்பாடு செய்கிறாள். இருவர் பெயரையும் சேர்த்துக் கடைக்குப் பெயர் வைக்கிறார்கள். இனி வாரத் தவணை. முதல் வாரம் 10,000 பிக்ஸ், அடுத்து 30,000, அப்புறம் 80,000, நான்காம் தவணை 2,00,000, கடைசியில் 5,00,000. ஆக மொத்தம் 8,20,000. பிக்ஸ் என்பது அந்நாட்டு நாணயம். தவணை தவறினால் சிறுமி வீட்டை இழந்து ஓர் அட்டைப் பெட்டிக்குள் குடியேறுவாள். சித்திரங்களோ வெல்லப்பாகில் தோய்த்தவைபோல் அத்தனை அழகு! கந்துவட்டிக் கதைக்கு இவ்வளவு இனிமையான முகத்தை நான் வேறெங்கும் கண்டதில்லை.

இவ்வகை விளையாட்டுகளில் சாதாரணமாக வீரன் ஒருவன் இருப்பான். அவன் குகைக்குள் புகுந்து அரக்கரைக் கொல்வான். வழியில் ஒரு கடையில் வாள் வாங்குவான். வாள் விற்றவன் யார், அவனுக்குக் குடும்பம் உண்டா, அன்று அவனுக்குப் போணி ஆயிற்றா என்று யாரும் விசாரிப்பதில்லை. 1990-ல் வெளிவந்த ‘டிராகன் குவெஸ்ட்’ நான்காம் பாகம் ஓர் அத்தியாயம் முழுவதையும், மனைவி கட்டிக்கொடுத்த மதிய உணவோடு ஆயுதக் கடைக்கு வேலைக்குப் போகும் டோர்னேக்கோ என்னும் பருத்த வணிகனுக்கு ஒதுக்கிற்று. ரெக்கெட்டியர் அந்தச் சிறு ஜன்னலை முழுக் கதவாகத் திறந்து வைத்தது. இங்கே வீரன்தான் வாடிக்கைக்காரன். லூயி என்று ஒரு வாள்வீரன் வருகிறான். மடியில் காசு தங்காத பையன். அவனுக்கு நல்ல கேடயத்தை நஷ்டத்துக்காவது விற்றுவிட்டால், பிற்பாடு குகைக்குள் அவனை அழைத்துக்கொண்டு சரக்குத் தேடப் போகும்போது அந்தக் கேடயம் நமக்கே காவலாகிறது. நமக்கு இது புதுமையன்று. ஐம்பெருங் காப்பியங்களில் தலையாயது ஒரு வணிக மகனின் கதை; அதில் மதுரையே எரிவதற்குக் காரணம், ஒற்றைச் சிலம்பை விற்கப் போன இடத்தில் நேர்ந்த விபரீதம். கடைக்காரனைக் கதாநாயகனாக்குவதற்குத் தமிழன் ஜப்பானியனிடம் கற்க வேண்டியதில்லை.

கற்க நேர்ந்தது வேறொன்று.

இந்த விளையாட்டின் ஜீவநாடி பேரம். தெருவை நோக்கிய ஜன்னலருகே உயர்ந்த சரக்கை வைத்தால் ஆட்கள் உள்ளே வருவார்கள். சுவரின் காகிதத்தையும் தரையின் கம்பளத்தையும் மாற்றினால் வருகிறவர்களின் தரமும் மாறும். ஊரில் ஒரு செய்தி பரவினால் ஒரு பண்டத்துக்குக் கிராக்கி ஏறும், மற்றொன்று விலை வீழும். இவையெல்லாம் முன்னேற்பாடுகள். ஆள் எதிரே வந்து நின்றதும்தான் உண்மையான ஆட்டம். அடிப்படை விலை நமக்குத் தெரியும். எதிராளியின் மனத்திலுள்ள விலை தெரியாது. நாம் ஒன்று சொல்ல வேண்டும். அவன் ஒப்பினால் நல்லது. முகம் மாறினால் ஒரு தரம் இறங்கலாம். அதுவும் பொருந்தாவிட்டால் போய்விடுவான். அவன் மனவிலைக்கு மிக அருகே முதல் வாக்கிலேயே சொல்லிவிட்டால் மணி ஒலித்து வெகுமதி கிடைக்கும். அப்படி அடுத்தடுத்துச் சொல்லிக்கொண்டே போனால் வெகுமதியும் பெருகும். பணக்காரனிடம் ஒரு வாக்கு, குடும்பப் பெண்ணிடம் ஒரு வாக்கு, கையில் நாலு காசோடு வரும் சிறுமியிடம் வேறொரு வாக்கு. அந்தச் சிறுமி வரும்போதெல்லாம் என் பேத்தி லாபத்தை மறந்துவிடுகிறாள். “பாவம் தாத்தா,” என்பாள். அவளைக் கடிந்துகொள்ள எனக்கு வாய் வரவில்லை. என் தந்தையாரும் பிள்ளைகள் வந்தால் மிட்டாய்ப் புட்டியைத் திறந்தவர்தாம்.

இந்தப் பெண் தன் பதினேழு வருஷ வாழ்வில் ஒரு கடைக்காரரைப் பார்த்து, “குறைச்சுக்குங்க அண்ணே,” என்று சொன்னதே கிடையாது. பேரங்காடியில் கோடு போட்ட சீட்டை ஒரு சிவப்பு வெளிச்சம் படிக்கிறது, விலை திரையில் விழுகிறது, அட்டையைக் காட்டுகிறோம். சில இடங்களில் பணம் வாங்க மனிதனே இல்லை. விற்பவன் முகத்தை வாங்குகிறவன் பார்ப்பதும், வாங்குகிறவன் பையின் கனத்தை விற்பவன் உத்தேசிப்பதும், இருவரும் சேர்ந்து நடிக்கும் அந்தச் சிறு நாடகமும் அவளுடைய தலைமுறைக்குத் தெரியாமலே போய்விட்டன. தெரியாமற்போன அந்த வித்தையை, மூவாயிரம் மைல்களுக்கு அப்பாலிருந்து வந்த ஒரு சித்திரச் சிறுமி அவளுக்குக் கற்றுக்கொடுத்துக்கொண்டிருக்கிறாள்.

இதிலுள்ள விநோதத்தைச் சொல்கிறேன். உலகத்தில் பேரத்துக்கு முதல் முதலாக முடிவுகட்டியவர்களுள் ஜப்பானியரும் உண்டு. 1673-ல் மித்சுயி தகாதோஷி என்னும் வணிகர், இன்று தோக்கியோ என வழங்கும் எடோ நகரத்தில், எச்சிகோயா என்னும் துணிக்கடையைத் திறந்தார். அக்காலத்துத் துணி வியாபாரிகள் பிரபுக்களின் மாளிகைகளுக்குச் சரக்கைச் சுமந்து சென்று, ஆளுக்கொரு விலை பேசி, கணக்கெழுதிவிட்டு வந்து, வருஷத்துக்கு ஓரிரு முறையே பணம் பார்த்தார்கள். மித்சுயியோ, ரொக்கம் கொடு, சொன்னதே விலை, ஏற்றமும் இல்லை இறக்கமும் இல்லை என்று அறிவித்தார். கடன், பேரம் என்னும் இரண்டையும் ஒரே வீச்சில் வெட்டிய அந்தக் கடையின் வழியில் வந்ததே மித்சுகோஷி என்னும் புகழ்பெற்ற பெரிய அங்காடி. விலைச்சீட்டை அவ்வளவு முன்னதாகவே கட்டித் தொங்கவிட்ட தேசம், முந்நூறு வருஷங்களுக்குப் பின்பு, பேரத்தை ஒரு விளையாட்டாகச் செய்து அனுப்புகிறது. வேலையாக இருந்தவரையில் களைப்பாக இருந்தது, வேலையிலிருந்து நீங்கியதும் பொழுதுபோக்காகிவிட்டது போலும்! நகரத்தான் தோட்டம் போடுவதும், கார் வைத்திருப்பவன் காலையில் நடக்கப் போவதும் இந்த ரகந்தான்.

என் தந்தையாரின் கடை பிறை ஆற்றுக்குத் தெற்கே, தோட்டத் தொழிலாளர் வரும் வழியில் இருந்தது. மலாய்க்காரர் அதைக் ‘கெடாய்’ என்பர். அது நம்முடைய ‘கடை’ என்னும் சொல்லே. கடைக்குப் போட்ட முதலை அவர்கள் ‘மோடால்’ என்பதும், பணம் போட்டு வைத்த பெட்டியைப் ‘பெத்தி’ என்பதும் அப்படியே. வணிகனோடு கப்பலேறி வந்த இச்சொற்கள், வணிகன் போன பின்பும் இங்கேயே குடியுரிமை பெற்று வாழ்கின்றன. எங்கள் ஊர் அடங்கிய செபராங் பிறை 1800-இல் ஆங்கிலக் கும்பெனியின் கைக்கு வருமுன் கெடாவின் பகுதியாக இருந்தது. அந்தக் கெடாவைக் கடாரம் என்று சோழர் அறிந்திருந்தனர். பட்டினப்பாலை புகாரின் வீதிகளில் குவிந்த பண்டங்களுள் காழகத்துப் பொருளையும் சேர்த்துப் பேச, உரைகாரர் அதைக் கடாரம் என்றே கொண்டார். அதே நூல், நுகத்தடியின் நடுவாணிபோல் ஒரு பக்கமும் சாயாத நெஞ்சுடையவர் என்று புகார் வணிகரைப் போற்றுவதையும், வாங்கும்போது கூடுதலாகக் கொள்ளார், கொடுக்கும்போது குறைவாகக் கொடார் என்று கூறுவதையும் நான் பள்ளிப் பருவத்தில் படித்துவிட்டு, வீட்டுக்கு வந்து தந்தையாரிடம் சொன்னேன். அவர் தராசுத் தட்டைத் துடைத்துக்கொண்டே, “பாட்டு எழுதினவரு சரக்கு வாங்கப் போனவரு இல்லப்பா,” என்றார்.

அவருடைய பேரத்தில் சொல் குறைவு. வாடிக்கைக்காரியின் கை எந்த மூட்டையில் முதலில் பட்டது, எதை எடுத்துப் பார்த்துவிட்டு வைத்தாள், வைத்த பிறகும் கண் எங்கே நின்றது என்பதைக் கவனிப்பார். வாயால் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டு கண்ணால் வாங்குகிறவர்களே அதிகம் என்பது அவருடைய அபிப்பிராயம். தமிழ்நாட்டு மாட்டுச் சந்தைகளில் துண்டுக்கடியில் விரல்களைப் பிடித்தே விலை பேசுவார்கள் என்று சொல்லி, எனக்கும் அதைக் காட்டிக்கொடுத்தார். நான் அந்த வித்தையை என் பேத்திக்குக் காட்டினேன். சாப்பாட்டு மேஜையில் ஒரு துவாலையை விரித்து, அதனடியில் அவள் விரலைப் பிடித்து, ஒரு ரொட்டிக்கு விலை பேசினோம். அவளுக்குச் சிரிப்பு அடங்கவில்லை. ஆயினும் மறுநாள் கிழவரை அவள் பிடித்துவிட்டாள். அடிப்படைக்கு மேலே அளவாக ஏற்றி, முதல் வாக்கிலேயே.

கடன் வசூலிக்கும் அந்தத் தேவதையைப் பற்றிச் சில வார்த்தை சொல்ல வேண்டும். டியர் மிரட்டுவதில்லை. கூடவே இருந்து, வாங்குவதெப்படி, விற்பதெப்படி என்று கற்பித்து, தவணை நாளில் மாத்திரம் கண்டிப்பாகக் கை நீட்டுகிறாள். இவளைப் பார்க்கும்போது, பினாங்குத் தீவின் பினாங்கு வீதியில், கிட்டங்கிகளில் வரிசையாகப் பெட்டி போட்டு உட்கார்ந்து தொழில் செய்த நாட்டுக்கோட்டை நகரத்தாரின் நினைவு வருகிறது. அங்கே பத்துப் பன்னிரண்டு வயதுப் பிள்ளை பெட்டியடிப் பையனாகச் சேர்ந்து, ஓடியாடி வேலை செய்து, வட்டிக் கணக்கை வாய்ப்பாடாக மனத்தில் ஏற்றி, அடுத்தாளாக உயர்ந்து, பின்பு ஏஜண்டாக மூன்று வருஷக் கணக்குக்குக் கப்பலேறுவான். ரெக்கெட் என்னும் அச்சிறுமியும் ஒரு பெட்டியடிப் பையனே. பட்ட கடன்தான் அவளுடைய பள்ளிக்கூடம். விளையாட்டை வகுத்தவர்கள் தவணையை முதலில் 10,000-இல் தொடங்கி, கடைசியில் 5,00,000-இல் கொண்டு முடித்த முறையிலும் நல்ல வாத்தியாரின் கை தெரிகிறது. வீழ்ந்தாலும் கெடுதியில்லை. அட்டைப் பெட்டிக்குள் ஒரு காட்சி காட்டிவிட்டு, கற்ற அனுபவத்தைப் பறிக்காமல், காலச் சக்கரத்தை மறுபடியும் முதல் வாரத்துக்குத் திருப்பிவிடுகிறார்கள். மெய்யான உலகில் அந்தச் சலுகையைக் கொடுத்த லேவாதேவிக்காரன் எவனையும் நான் அறியேன்.

இதற்கும் முந்திய ஜப்பானியக் கடன்காரர் ஒருவர் எங்கள் வீட்டுக்கு வந்ததுண்டு. 2020 மார்ச் 18-ஆம் தேதி மலேசியாவில் நடமாட்டக் கட்டுப்பாட்டு ஆணை அமலுக்கு வந்து, பினாங்குப் பாலத்தில் காற்று மட்டும் போய்வந்த நாட்களில், சரியாக இரண்டு நாள் கழித்து, நிண்டெண்டோ நிறுவனத்தார் ‘அனிமல் கிராஸிங்’ வரிசையின் புதிய விளையாட்டை உலகமெங்கும் வெளியிட்டனர். ஆளில்லாத ஒரு தீவில் டாம் நூக் என்னும் பிராணி நமக்கு வீடு கட்டிக்கொடுத்துவிட்டு, 98,000 மணிகள் கடன் என்று சொல்லும். மணி என்பது அங்கே நாணயம். வட்டியில்லை, கெடுவும் இல்லை. கட்டி முடித்தால் வீட்டைப் பெரிதாக்கி 1,98,000 என்று அடுத்த கடனை நீட்டும். மீன் பிடித்தும் பழம் பறித்தும் அதன் உதவியாளர் இருவர் நடத்தும் கடையில் விற்று நாம் கட்டுவோம். இரவு பத்து மணிக்குக் கடை மூடிவிடும். வெளியே இருக்கும் பெட்டியில் போட்டால் நூற்றுக்கு எண்பதுதான் தரும். ஞாயிறு காலைகளில் ஒரு பன்றிக்குட்டி டர்னிப் கிழங்கு விற்க வரும். வாங்கி வைத்து, வாரத்துக்குள் விலை ஏறும் வேளை பார்த்து விற்க வேண்டும், தவறினால் அழுகிவிடும். ஜப்பானிய மொழியில் ‘கபு’ என்றால் அந்தக் கிழங்கு. ‘கபு’ என்றாலே கம்பெனிப் பங்கும் ஆகும். இந்தச் சிலேடையை அறிந்தபோது, காளமேகப் புலவர் இருந்திருந்தால் ரசித்திருப்பார் என்று தோன்றியது.

நூக் என்னும் பிராணியை ரக்கூன் என்று ஆங்கிலத்தார் சொல்லிவிட்டார்கள். மெய்யில் அது தனுக்கி, ஜப்பானியக் காட்டில் திரியும் நாய் இனத்துச் சிறு விலங்கு. ஷிகராக்கி என்னும் ஊரில் குயவர்கள் செய்யும் தனுக்கி பொம்மைகள் அந்நாட்டு உணவுக் கடைகளின் வாசலில் நிற்கும். 1951-ல் சக்கரவர்த்தி அவ்வூருக்கு வந்தபோது, கொடி பிடித்த தனுக்கி பொம்மைகளை வழிநெடுக நிறுத்தி வரவேற்றதிலிருந்து அவை நாடெங்கும் பிரசித்தியாயின. தொந்தியும் தொப்பியுமாக நிற்கும் அந்தப் பொம்மையின் ஒரு கையில் மதுக் குடுவை. மற்றொரு கையில் கடன் கணக்குப் புத்தகம்! தொந்தி என்றதும் நம்மவர் நினைவு வராமல் இராது. ஆனைமுகக் கடவுளும் காங்கிதென் என்னும் பெயரோடு ஜப்பானில் எழுந்தருளியிருக்கிறார். இக்கோமா மலையிலுள்ள ஹோசான்ஜி ஆலயத்தில் ஒஸாகா நகரத்து வணிகர்கள் நெடுங்காலமாக அவரிடம் லாபம் வேண்டி வருகிறார்கள். கல்லாவுக்குமேல் பிள்ளையார் படம் மாட்டும் வழக்கத்தில் நமக்குக் கடல் கடந்த பங்காளிகள் உண்டு.

இப்படிச் சொல்லிக்கொண்டு போகும் எனக்கே, ஜப்பான் என்ற சொல் காதில் விழுந்தால், ஒரு கணம் வேறு நினைவும் வந்துதான் போகிறது. 1941 டிசம்பரில் ஜார்ஜ் டவுனில் குண்டு விழுந்ததும், சில நாட்களில் சப்பான்காரன் பினாங்கைப் பிடித்ததும், சயாம் இரயில் பாதைக்கு இழுத்துச் செல்லப்பட்ட தமிழ்த் தொழிலாளருள் பல்லாயிரவர் திரும்பாததும் எங்கள் வீட்டுப் பெரியவர்கள் தாழ்ந்த குரலில் பேசிய விஷயங்கள். அன்று புழங்கிய பத்து வெள்ளி நோட்டில் வாழைமரம் அச்சிட்டிருந்தது. சனங்கள் அதை வாழைமர நோட்டு என்றனர். 1945-ல் ஆட்சி முடிந்ததும் அது வெறுங் காகிதமாயிற்று. என் பாட்டனார் நாலு வருஷத்து வியாபாரத்தில் சேர்த்ததெல்லாம் அந்த நோட்டுகளாகவே இருந்தது. ஒரு தகரப் பெட்டி நிறைய அவற்றை என் தந்தையார் பத்திரமாக வைத்திருந்தார். சிறுவயதில் அதை எடுத்து வைத்துத்தான் நாங்கள் கடை விளையாட்டு விளையாடினோம். ஆகையால் ஜப்பானியப் பொம்மைப் பணத்தில் கடை நடத்துவது எங்கள் குடும்பத்தில் மூன்றாவது தலைமுறையாக நடக்கிறது என்று சொன்னேன். பேத்திக்கு உடனே விளங்கவில்லை. விளங்கியபோது விளையாட்டைச் சற்று நிறுத்திவிட்டு, அந்தப் பெட்டி இப்போது எங்கே என்று கேட்டாள்.

ரெக்கெட்டியரில் எனக்குள்ள குறை ஒன்று உண்டு. அந்தக் கடைக்கு வருகிறவர்களில் ஒருவர்கூட, “எழுதிக்குங்க,” என்று சொல்வதில்லை. கடைக்காரிக்குக் கடன் உண்டு. வாடிக்கைக்காரருக்குக் கடன் கொடுக்கும் பேச்சே இல்லை. இந்நாட்டில் ருஞ்சிட் எனப்படும் மளிகைக் கடை வைத்தவன் எவனும் ‘555’ என்று அட்டையில் அச்சிட்ட அந்தச் சின்னஞ்சிறு நோட்டுப் புத்தகத்தை மறக்க மாட்டான். ‘பூக்கு தீகா லீமா’ என்று மலாயில் சொன்னாலே கடன் என்று அர்த்தமாகிவிடும். குடும்பத்துக்கு ஒரு புத்தகம். அரிசி, பருப்பு, மண்ணெண்ணெய் என்று தினமும் ஒரு வரி. சம்பள நாளில் பாதி அடைபடும், மீதி அடுத்த பக்கத்துக்கு ஏறும். கல்யாணம், சாவு வந்தால் கூட்டுக் கட்டிய பணத்தை ஏலத்தில் எடுப்பார்கள். அந்தக் கூட்டுச் சீட்டைத் தடுக்க 1971-ல் இயற்றிய சட்டத்தின் பெயரிலேயே ‘கூட்டு’ என்னும் நம் சொல் ஏறி உட்கார்ந்திருக்கிறது. பேரம் பேசுவது கடைக்காரனுடைய சாமர்த்தியத்தில் கால் பங்கு. யாருக்கு எழுதலாம், யாருக்கு எழுதக்கூடாது, எழுதியதை எந்த நாளில் எந்தக் குரலில் கேட்கலாம் என்பதே முக்கால் பங்கு. என் தந்தையார் கண்மூடியபோது வீட்டில் அந்தச் சிறு புத்தகங்கள் ஒரு சாக்கு இருந்தன. அவற்றில் வராத பணத்தைக் கூட்டிப் பார்க்க வேண்டாம் என்று என் தாயார் தடுத்துவிட்டார்.

இந்த முக்கால் பங்கைக் கழித்துவிட்டபடியால்தான் இவ்விளையாட்டு மனத்துக்கு இளைப்பாறுதலாக இருக்கிறது என்பது என் முடிவு. பள்ளியிலிருந்து வந்ததும் எஸ்.பி.எம். பரீட்சைக்குப் படித்து, டியூஷனுக்கும் போய்த் திரும்பிய பெண், இரவு ஒன்பது மணிக்குமேல் அரை மணி நேரம் கடை திறக்கிறாள். ஒரு நாள் என்பது அங்கே நாலே பொழுது. அலமாரியில் வைத்த பண்டம் அங்கேயே இருக்கும். எலி கடிப்பதில்லை, பருப்பில் வண்டு விழுவதில்லை. சொன்ன விலைக்கு உடனே பதில் வரும். வந்த பதில் கணக்கில் ஏறும். அந்தியில் வரவும் செலவும் நேர்பட்டு நிற்கும். மெய்யான வாழ்க்கையில் அன்றைய கணக்கு அன்றே முடிந்த நாள் யாருக்கு வாய்க்கிறது? அதிகாலை நாலு மணிக்கு ரொட்டிக்காரனுக்குக் கதவு திறந்து, இரவு பத்துக்கு விளக்கணைத்த என் தந்தையாரிடம், கடை நடத்துவது களைப்பு நீங்கும் வழி என்று யாராவது சொல்லியிருந்தால், அவர் அந்த ஆசாமிக்கு எழுதிக் கொடுப்பதை அன்றோடு நிறுத்தியிருப்பார்.

மாசி மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. முந்திய இரவுதான் கடைசித் தவணையான 5,00,000-த்தை அவள் கட்டி முடித்திருந்தாள். அந்த உற்சாகத்தில், சந்தைக்குத் தானும் வருகிறேன் என்றாள். சாய் லெங் பார்க் சந்தையில் மீன் வாங்கிக்கொண்டு, காய்கறி விற்கும் அம்மாளிடம் வந்தோம். பேத்தி முன்னே நின்று ஒரு கத்தரிக்காயை எடுத்துத் திருப்பிப் பார்த்து, வைத்துவிட்டு, முருங்கைக்காயைப் பார்த்து, கத்தரிக்காய்க்கே திரும்பினாள். அம்மாள் ஆறு வெள்ளி என்றார். இவள் சிறிதுநேரம் அந்த முகத்தையே உற்றுப் பார்த்தாள். “அஞ்சு வெள்ளிக்குக் குடுங்க ஆண்ட்டி,” என்றாள். குரல் மட்டும் கொஞ்சம் நடுங்கிற்று. அம்மாள் என்னைப் பார்த்தார். நான் வேறு பக்கம் பார்த்துக்கொண்டேன்.

“அஞ்சரை. காலைல மொத போணி, இல்லேன்னு சொல்லாத,” என்றார் அம்மாள்.

அஞ்சரை வெள்ளி கைமாறிற்று. அவள் பையை நீட்ட, அம்மாள் கத்தரிக்காயைப் போட்டுவிட்டு, பக்கத்திலிருந்து ஒரு கொத்துக் கறிவேப்பிலையை ஒடித்து அதன்மேல் வைத்தார். பேத்தி திடுக்கிட்டு, நாங்கள் இதைக் கேட்கவில்லையே என்பதுபோல என்னைத் திரும்பிப் பார்த்தாள். பிறகு, இன்னும் சுருக்குப் பையின் வாயை மூடாமலே, அந்த அம்மாளிடம் மிகவும் மரியாதையாகக் கேட்டாள்:

“இதுக்கு எவ்வளவு ஆண்ட்டி?”